கடைசிக் கட்டம்

கட்டுப் பிரிக்கும் அறைக்குள் நர்ஸ் விளையாடிக்கொண்டிருந்தார்.

கதவில் இருந்த சின்னக் கண்ணாடி வழியாகத் தெரிந்தது. கண்களை மறைத்துக் கறுப்புப் பெட்டி ஒன்றை மாட்டிக்கொண்டு, இரண்டு கைகளாலும் காற்றைத் துழாவிக்கொண்டிருந்தார். ஒரு பக்கமாகச் சாய்ந்தார். குனிந்தார். தனக்குத்தானே ஏதோ முனகினார்.

வெளியே பெஞ்சில், அம்மாவின் மடியில் சிறுமி. முழங்காலிலிருந்து பாதம் வரை இரண்டு கால்களிலும் வெள்ளைக் கட்டு. தீக்காயப் பிரிவில் ஒரு நாள் விட்டு ஒரு நாள் அதைப் பிரித்து, துடைத்து, மருந்து வைத்து மறுபடி கட்டுவார்கள். பெற்றவர்களை உள்ளே விடுவதில்லை. போன தடவை அவள் அலறிய அலறலை அம்மா இதே பெஞ்சில் உட்கார்ந்துதான் கேட்டாள்.

"இன்னிக்கு வேணாம்னு சொல்லும்மா."

"சீக்கிரம் முடிஞ்சிடும்டா கண்ணு."

"அன்னிக்கும் இதையேதான் சொன்ன."

அம்மா அவளை இறுக்கி அணைத்துக்கொண்டாள். மகளின் நடுக்கம் அவள் தொடைகளுக்கு இறங்கிக்கொண்டிருந்தது.

அம்மாவின் அண்ணன் பஸ் டிரைவர். ஷிப்ட் முடித்து, சீருடையோடு வந்திருந்தார். கண்ணாடியில் மூக்கை ஒட்டிப் பார்த்துவிட்டுத் திரும்பினார்.

"என்ன கூத்து இது? பிள்ளை இங்க வெலவெலத்துப்போய்க் கிடக்கு. அந்தம்மா உள்ள ஆட்டம் போட்டுக்கிட்டிருக்கு!"

காலி தள்ளுவண்டியோடு வந்த வார்டு ஊழியர் சிரித்தார்.

"நேத்துலேர்ந்து இதே வேலைதான் சார். யாரோ இனாமாக் குடுத்துட்டுப் போன வி.ஆர். பெட்டி, கண்ணுல மாட்டினா விளையாட்டுக்குள்ளயே நிக்கற மாதிரி இருக்குமாம். விளையாட்டு வாங்க ஆஸ்பத்திரியில யார் காசு தருவா? ஓசில கிடைக்கிறதாத் தேடித் தேடி இறக்கறாங்க. மாட்டறாங்க, ஆடறாங்க, 'ச்சே'ன்னு அழிக்கறாங்க. சாப்பிடக்கூடப் போகல. ஒண்ணுகூட மனசுக்குப் பிடிக்கல போல."

"நல்லா இருக்கே! நான் பஸ்ஸை நடுரோட்டுல நிறுத்திட்டு இப்படி ஆடினா ஜனங்க கைதட்டுவாங்களா?"

"அண்ணா, மெதுவா."

"என்ன மெதுவா?" அவர் கதவைத் தட்டினார். "சிஸ்டர்!"

பெட்டியைக் கழற்றாமலே நர்ஸ் குரல் கொடுத்தார். "ஒரு நிமிஷம். கடைசிக் கட்டம். முடிச்சிட்டு வந்துடறேன்."

"கேட்டியா? முடிச்சிட்டு வராங்களாம்!"

போனை எடுத்துக் கண்ணாடியில் வைத்துப் படம் பிடிக்க ஆரம்பித்தார். "பெரிய டாக்டரே பார்க்கட்டும்."

அம்மா எட்டி அவர் சட்டையைப் பிடித்து இழுத்தாள். சிறுமிக்குக் கேட்காமல் பேசப் பார்த்தாள், குரல் உடைந்தது.

"வேணாம்ணா. உன் கால்ல விழறேன். இவ அந்தக் கைக்குத்தான் போகப்போறா. கோபத்துல வெடுக்குனு ஒரு இழு இழுத்தாங்கன்னா?"

கதவு திறந்தது. நர்ஸின் கன்னங்களில் பெட்டி அழுத்திய சிவப்புத் தடம். தலை சுற்றியிருக்க வேண்டும். நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

"ஜெயிச்சீங்களா சிஸ்டர்?" என்றார் டிரைவர்.

நர்ஸ் அவரையும், அவர் கையிலிருந்த போனையும் பார்த்தார். சிறுமியைத் தூக்கிக்கொண்டார். அம்மாவின் கழுத்திலிருந்து அந்தச் சின்ன விரல்களை ஒவ்வொன்றாக விடுவிக்க வேண்டியிருந்தது.

கதவு சாத்திக்கொண்டது. உள்ளே தாழ்ப்பாள் விழும் சத்தம்.

"திருப்தியா உனக்கு?" என்றாள் அம்மா. டிரைவர் போனைப் பையில் போட்டுக்கொண்டு சுவரைப் பார்த்தார்.

குழாய்த் தண்ணீர் ஓடி நின்றது. கத்தரிக்கோல் தட்டில் விழுந்தது. அடுத்தது அலறல்தான். அம்மா காதுகளைப் பொத்திக்கொண்டாள்.

அலறல் வரவில்லை.

கையை எடுத்துப் பார்த்தாள். அப்போதும் வரவில்லை. அது அவளை இன்னும் பயமுறுத்தியது. "அண்ணா, மயக்கம் போட்டுட்டாளா? போய்ப் பாரேன். என்னால முடியாது."

அவர் கண்ணாடி அருகே போனார். போனவர் அப்படியே நின்றுவிட்டார்.

உள்ளேயிருந்து 'ஸ்ஸ்' என்று ஒரு முனகல். பிறகு சிறுமியின் குரல்: "சிஸ்டர், வழுக்குது! குட்டி பென்குயின் என்னை முந்துது!"

"விடாதே. சாஞ்சு போ, சாஞ்சு போ. காலை மட்டும் ஆட்டாதே."

அம்மா எழுந்து வந்து அண்ணனைத் தள்ளிவிட்டுப் பார்த்தாள். கறுப்புப் பெட்டி மகளின் முகத்தை முக்கால்வாசி மூடியிருந்தது. வெளியே தெரிந்த வாய் திறந்தே இருந்தது. கீழே நர்ஸ் குனிந்தபடி, பழைய துணியை நனைத்து நனைத்துப் பிரித்துக்கொண்டிருந்தார்.

எல்லாம் முடிந்து கதவு திறந்தபோது நர்ஸின் முதுகு வேர்வையில் நனைந்திருந்தது. அம்மா மகளை வாங்கிக்கொண்டு தேம்பினாள்.

டிரைவர் தொண்டையைச் செருமினார். "பாப்பாவுக்காகன்னு ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே சிஸ்டர். நான் பாட்டுக்கு வாயை விட்டுட்டேன்."

"பரவால்ல சார்."

"இருந்தாலும் ஒண்ணு கேக்கறேன். குழந்தைதானே? ஏதோ ஒண்ணை மாட்டிவிட்டாப் போதாதா? எதுக்கு ராத்திரி பகலா ஒவ்வொண்ணையும் முடியற வரைக்கும் ஆடிப் பார்க்கணும்?"

நர்ஸ் பெட்டியைத் துடைத்தபடியே சொன்னார்:

"பலூன்ல பறக்கற விளையாட்டு, ஏறினதுமே தலைக்கு மேல பர்னர் எரியுது. கேக் செய்யற விளையாட்டுல மெழுகுவர்த்தி. மீன் பிடிக்கறது நல்லாத்தான் இருந்துச்சு சார்; கடைசிக் கட்டத்துல கரையேத்தி, சுள்ளி பொறுக்கித் தீ மூட்டுன்னு சொல்லுது. அதுக்கப்புறம் எதையும் முழுசா முடிச்சுப் பார்க்காம இவ கண்ணுல மாட்ட எனக்குப் பயமாப் போச்சு."