ஒரே ஊரில்

"மது, ஆர்டர் வந்தாச்சு! டெல்லிக்கே போட்டுட்டாங்க. நாளைக்கு ரயில் ஏறிடுவேன்."

குவாஹாத்தியிலிருந்து சுபாஷிணி ஃபோனில் கத்தினாள். டெல்லி அலுவலகத்தில் மதுசூதனன் ரிசீவரை இறுகப் பிடித்தான். கணவன் மனைவியை ஒரே ஊரில் பணியமர்த்தும்படி நீதிமன்றம் போன வருடமே உத்தரவிட்டிருந்தது. இருவரின் இலாகாக்களும் அசையவில்லை. நாளை நீதிமன்ற அவமதிப்பு விசாரணை.

"ஜெயில்னதும் பயந்துட்டாங்க, சுபா."

"பெத்த அம்மாவை நிகில் இனிமே ஆன்ட்டின்னு கூப்பிடாம இருந்தா சரி."

பிரிவு அதிகாரி வெங்கட்ராமன் சிரித்துக்கொண்டே வந்தார்.

"அச்சா, மேடம்தானே லைன்ல? நல்ல சேதி சொல்லுங்க. நம்ம டிபார்ட்மென்ட்டும் கோர்ட் சொன்னபடி செஞ்சாச்சு. செக்ரட்டரி அஃபிடவிட்டும் போட்டுட்டார்."

அவர் நீட்டிய உத்தரவைப் படித்த மது நாற்காலியை விட்டு எழுந்தான்.

"சார், என்னைக் குவாஹாத்திக்குப் போட்டிருக்கீங்களே! அவளை அவங்க ஆபீஸ் இங்கே மாத்திட்டாங்க!"

வெங்கட்ராமனின் சிரிப்பு நின்றது.

"எங்களுக்கு யார் சொன்னா? அஃபிடவிட் கோர்ட்டுக்குப் போயாச்சே. இப்ப ரத்து பண்ணினா அதுதான் கண்டெம்ப்ட்."

ரிசீவரில் சுபாஷிணி இன்னும் பேசிக்கொண்டிருந்தாள்.

"மது, ஸ்டேஷனுக்கு நிகிலையும் கூட்டிட்டு வருவியா?"