மண்ணின் சாட்சி

மலையின் பழைய குடி யார், நிலம் யாருக்கு என்பதை இப்போது மண்தான் சொல்கிறது. அதிகாரி ஊசி போன்ற கருவியை, பழங்குடிப் பெண் கெம்பியின் ராகி நிலத்தில் இறக்கிவிட்டு ஆர்வமாக விளக்கினார்.

"மனுஷன் விட்ட கறையை இது படிக்கும்மா. மேலேர்ந்து வடிஞ்ச தேயிலைக் கம்பெனி மருந்து இங்க ஆழத்துல கூட இருக்கு. உங்க சனம் காத்து மாதிரி இருந்திருக்கு, ஒரு தடயமும் இல்ல. நிலம் கம்பெனிக்குத்தான்."

"மண்ணைக் கெடுக்காதது குத்தமாய்யா? உன் தாத்தன் துப்பாக்கியோட வந்தான், நீ ஊசியோட வந்திருக்க."

"கோவப்படாதீங்க. அடுத்த வருஷம் மறுபடி சோதிப்போம்."

கெம்பி நேராகக் கடைவீதிக்கு இறங்கினாள். பூச்சிமருந்துக் கடையில், இருப்பதிலேயே கடுமையானதைக் கேட்டாள்.

"எந்தப் பயிருக்கு?" என்றார் கடைக்காரர்.

"பயிருக்கு இல்ல, மண்ணுக்கு. எத்தனை மழை பெஞ்சாலும் போகக் கூடாது."