இலவ மரத்தைச் சுற்றியவன்

ஹவானாவின் அந்த இலவ மரத்தை வாய் திறக்காமல் மூன்று முறை சுற்றினால் நினைத்தது நடக்கும் என்பார்கள். தனிக் காரில் ஒருநாள் சுற்றுலா வந்திருந்த கிரசியேலா அம்மாளுக்கு வழிகாட்டி எவெலியோ அதைச் சுற்றிக் காட்டப் போனான்.

“நீயாவது, வாய மூடுறதாவது!” என்று சிரித்தான் கார் ஓட்டி வந்த ஓஸ்மானி.

எவெலியோவின் மகளுக்கு அன்று பிறந்தநாள். கேக் காரில் இருந்தது. இருட்டுவதற்குள் வீடு போய்ச் சேர வேண்டும் என்று நினைத்துக்கொண்டே நடந்தான். கடைசிச் சுற்றில், ஓரமாக நின்ற கிரசியேலா, “இதுக்கு என்ன வயசிருக்கும் தம்பி?” என்று கேட்டாள். தொழில் பழக்கம், சட்டென்று பதில் சொல்லிவிட்டான்.

அதன் பிறகு சுற்று முடியவே இல்லை. விலகி நடந்தாலும் மரம் பக்கத்திலேயே வந்தது. ஓடினான். அவனுடைய நீலச் சட்டையைப் போட்ட ஒருவன் முன்னால் போய்க்கொண்டிருந்தான். அவன் மட்டும் சுற்றை முடித்துக்கொண்டு வெளியேறினான்.

“ஓஸ்மானி! நான் இங்க இருக்கேன்டா!” என்று எவெலியோ கத்தினான். யாரும் திரும்பவில்லை.

கிரசியேலா காரில் ஏறினாள். நீலச் சட்டைக்காரன் முன்னால் உட்கார்ந்து கேக்கை மடியில் வைத்துக்கொண்டான்.

“அட, நிஜமாவே வாயத் திறக்கலையேடா நீ!” என்று அவன் தோளில் தட்டிவிட்டு ஓஸ்மானி வண்டியைக் கிளப்பினான்.