வழிகாட்டியின் வாய்

"உன் காலு என்ன மரக்கட்டையா? தூக்கி வைடி!"

தையல்காரிக்கு முகம் சிவந்துவிட்டது. ஐம்பது வயதுக்கு மேல், மகள் வயசுக்காரி ஒருத்தி தன்னை 'டி' போட்டுக் கூப்பிடுவாள் என்று அவள் கனவில்கூட நினைத்ததில்லை.

ஆனால் வேறு வழியும் இல்லை. மலைகளுக்கு அந்தப் பக்கம் அவளுடைய ஒரே மகள் நிறைமாதமாக இருக்கிறாள். தலைப்பிரசவம். "சீக்கிரம் வாங்க அத்தே, ரொம்பப் பயப்படறா" என்று மருமகன் சொல்லியனுப்பியிருந்தான். சுற்றிக்கொண்டு போனால் பேரப்பிள்ளை தவழவே ஆரம்பித்திருக்கும். மலைகளுக்குள் புகுந்து போனால் ஒரே பகல்.

அந்த மலைகளோ லேசுப்பட்டவை அல்ல. நேற்று இருந்த பாதை இன்று இருக்காது. ஓடை திடீரென்று மேல்நோக்கி ஓடும். தனியாகப் போன யாரும் திரும்பி வந்ததாகக் கதையே இல்லை. அதனால் இரண்டு பக்கமும் வாசல் வைத்து, காவல் போட்டு, வழிகாட்டி இல்லாமல் ஒருவரையும் உள்ளே விடமாட்டார்கள்.

அன்று காலை கிடைத்த வழிகாட்டி இவள் ஒருத்திதான்.

"ரெண்டு பேரும் கயிறு கட்டிக்கிட்டா பயமில்லாம வருவேனே," என்றாள் தையல்காரி.

"தாராளமா கட்டிக்கோ. பாதி வழியில அது பாம்பா மாறிடும். அதையும் பிரசவம் பாக்கக் கூட்டிட்டுப் போ."

"கொஞ்சம் மரியாதையா பேசினா உனக்கு வாய் சுளுக்கிக்குமா?"

"மரியாதை வேணும்னா வீட்டுலயே உக்காந்து ஊசியில நூல் கோத்துக்கிட்டு இருந்திருக்கணும்."

தண்ணீர் குடிக்க உட்கார்ந்தால் ஒரு திட்டு. மூச்சு வாங்கினால் ஒரு திட்டு. பிறக்கப்போகும் குழந்தைக்குத் தைத்த சட்டைகளை மூட்டை கட்டிச் சுமந்து வந்தாள். செங்குத்தான ஏற்றத்தில் வழிகாட்டி அதைப் பிடுங்கித் தன் தோளில் போட்டுக்கொண்டாள். அதற்கும் ஒரு திட்டு.

'அந்தப் பக்கம் போய்ச் சேரட்டும். காவலர்கிட்ட சொல்லி இவ வேலைக்கு வேட்டு வைக்கலேன்னா நான் நான் இல்ல' என்று தையல்காரி மனசுக்குள் கறுவிக்கொண்டே நடந்தாள்.

உச்சியை நெருங்கியபோது பனி மூடியது. முன்னால் போன வழிகாட்டி காணாமல் போனாள். நீட்டினால் தன் கையே தனக்குத் தெரியவில்லை. தையல்காரி அப்படியே நின்றுவிட்டாள்.

"அம்மா..." இடப்பக்கமிருந்து வழிகாட்டியின் குரல். "பயப்படாதீங்க. இப்படி வாங்க, இங்க பாதை சமமா இருக்கு. பாத்து, மெதுவா வாங்க."

தையல்காரிக்கு மனசு இளகிவிட்டது. பரவாயில்லையே, ஆபத்துன்னு வந்தா இவளுக்கும் நல்ல வார்த்தை வருதே! இடப்பக்கமாக ஓர் அடி வைத்தாள். அடுத்த காலைத் தூக்கினாள்.

"ஏய் கிழவி!" வலப்பக்கமிருந்து அதே குரல் சீறியது. "உன் பொண்ணைச் சொல்லணும்டி! ஒத்தாசைக்குப் போயும் போயும் உன்னைக் கூப்பிட்டிருக்கா பாரு! நீ போய்ச் சேர்றதுக்குள்ள அவ செத்தே போயிடுவா!"

தையல்காரிக்குக் கோபம் உச்சந்தலை வரைக்கும் ஏறிவிட்டது. தன்னை என்ன வேண்டுமானாலும் சொல்லட்டும். பெற்ற வயிறு இதைப் பொறுக்குமா?

"என்னடி சொன்னே?"

பயம் மறந்து போயிற்று. திரும்பி, குரல் வந்த பக்கம் பாய்ந்தாள். கைக்கு அகப்பட்ட கன்னத்தில் ஓங்கி ஓர் அறை விட்டாள்.

வழிகாட்டி திருப்பி அடிக்கவில்லை. அறைந்த கையை மணிக்கட்டோடு பிடித்துக்கொண்டாள். இரும்புப் பிடி. "நட" என்றாள். பனி விலகி, இறக்கம் முடிந்து, அந்தப் பக்கத்து வாசலைத் தாண்டிய பிறகுதான் விட்டாள்.

விட்டதுதான் தாமதம், தையல்காரி நேரே காவலரிடம் போனாள்.

"ஐயா, முதல்ல இவளை வேலையை விட்டுத் தூக்குங்க! பிள்ளைத்தாச்சிப் பொண்ணு செத்துப்போவான்னு வாய் கூசாம சொல்றா. இவளும் ஒரு பொம்பளையா?"

காவலர் வழிகாட்டியின் கன்னத்தைப் பார்த்தார். ஐந்து விரலும் பதிந்திருந்தன.

"இன்னிக்கும் வாங்கிட்டியாம்மா?" என்றபடி ஒரு துணியை நனைத்து அவளிடம் நீட்டினார்.

வழிகாட்டி வாசல் கதவைச் சாத்தித் தாழ் போட்டாள். மூட்டையை இறக்கித் தையல்காரியிடம் கொடுத்தாள்.

"மன்னிச்சுக்கங்கம்மா. உங்க பொண்ணு நல்லபடியா பெத்துப் பிழைப்பா, நூறு வயசு இருப்பா. அந்த வார்த்தையைச் சொல்லிட்டு வழியெல்லாம் என் மனசு ஆறவே இல்ல."

தையல்காரி திகைத்தாள். பனியில் கேட்ட அதே கனிவு.

"இவ்வளவு தன்மையா பேசத் தெரியுதில்ல? இடப்பக்கம் நின்னு இப்படித்தானே கூப்பிட்டே? நானும் வந்தேனே! அதுக்குள்ள அந்தப் பக்கம் ஓடிப்போய் ஏன் அப்படிச் சொன்னே?"

"இடப்பக்கம் நான் நிக்கலம்மா. அங்க நிக்கத் தரையே கிடையாது."

தையல்காரி மூட்டையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டாள்.

"மலைதான் கூப்பிட்டுச்சு. யார் குரல்ல வேணும்னாலும் கூப்பிடும். ஆனா அன்பாத்தான் கூப்பிடும். திட்டினாலும் மனுஷங்க பக்கத்துல வருவாங்கன்னு அதுக்கு இன்னும் தெரியாது."

"இதை முன்னாடியே என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமேடி, கண்ணு!"

வழிகாட்டி ஈரத்துணியைக் கன்னத்தில் ஒற்றிக்கொண்டே குரலைத் தாழ்த்தினாள்.

"சொல்லியிருந்தா வழியெல்லாம் நீங்க அதையே பேசிட்டு வருவீங்கம்மா. மலைக்கும் காது இருக்கே!"