நத்தை போட்ட சுழி

மழை விட்ட சாயங்காலம். ஈரச் சுவரில் ஒரு நத்தை, தன் உடல் விட்டுப்போகும் பசைக் கோட்டால் சுழி போட்டுக்கொண்டிருந்தது. அப்போதுதான் புற்றிலிருந்து கிளம்பிய ஈசல் ஒன்று பக்கத்தில் இறங்கி, அது என்ன என்று கேட்டது.

“மந்திரக் குறி. காலம் நேராக ஓடியே பழகியது. இந்தச் சுழிக்குள் மாட்டினால் வெளியேற வழி தெரியாமல் உள்ளேயே சுற்றும்” என்றது நத்தை. “என் முதுகிலும் இதே சுழிதான். நான் எதற்காவது அவசரப்பட்டுப் பார்த்திருக்கிறாயா?”

ஈசலுக்கு அது நியாயமாகப் பட்டது. “எனக்கு இருப்பதே இந்த ஒரு சாயங்காலம். என்னை நடுவில் வைத்து ஒன்று போடேன்.”

“போடுகிறேன். முடிக்கும்வரை ஆடாமல் நிற்க வேண்டும். அசைந்தால் காலம் மிரண்டுவிடும்.”

ஈசல் இறகை மடக்கிக்கொண்டு நின்றது. தெருவிளக்கைச் சுற்றிப் பறந்த ஈசல்களில் ஒன்று, “வாயேன், வெளிச்சம் நன்றாக இருக்கிறது” என்று கூப்பிட்டது.

“அப்புறம் வருகிறேன். இனி எனக்கு நிறைய நேரம் இருக்கும்.”

நத்தை நிதானமாகக் கடைசி வளைவை முடித்தபோது விளக்கடியில் உதிர்ந்த இறகுகள்தான் கிடந்தன. ஈசலைக் கூப்பிட்டது, பதில் இல்லை. கொம்பை நீட்டித் தொட்டுப் பார்த்தது, அசைவில்லை.

“இவ்வளவு நன்றாக வேலை செய்யும் என்று நானே நினைக்கவில்லை” என்றபடி நத்தை அடுத்த சுவருக்கு நகர்ந்தது.