இரண்டு பள்ளங்கள்

மேனேஜர் ஆதிகேசவன் சார், பிரிண்டரில் வந்த அந்தக் கைப்பிடியை ஜன்னல் வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

ஜெபா மேஜைக்கு எதிரில் நின்றாள்.

கும்மிடிப்பூண்டி சிப்காட்டில் இருக்கும் இந்த பிளாஸ்டிக் கம்பெனிக்கு நான்கு வருடமாக அவள்தான் கம்ப்யூட்டரில் டிராயிங் போடுகிறாள். வாளிப் பிடி, டப்பா மூடி, நாற்காலிக் கால். சொந்த வேலைக்காக த்ரீடி பிரிண்டரைக் கேட்டது இதுதான் முதல் தடவை.

பைக் ஆக்ஸிலேட்டருக்கு ஒரு உறை என்று மட்டும் சொல்லியிருந்தாள்.

உருளை என்றும் சொல்ல முடியாது, முட்டை என்றும் சொல்ல முடியாது. அப்படி ஒரு வடிவம்.

போன வாரம் சப்பாத்தி மாவில் ஓர் உருண்டையைக் கணவன் இம்மானுவேலிடம் கொடுத்து, இறுக்கிப் பிடிக்கச் சொன்னாள். எதற்கு என்று கேட்டுக்கொண்டே பிடித்தான். மாவில் அவன் கை பதிந்த மேடு பள்ளத்தை நாலு பக்கமும் போனில் படமெடுத்து, ஒவ்வொரு வளைவாக வரைந்தாள்.

ஒரு பக்கம் போலவே மறுபக்கமும் இருக்க வேண்டும் என்பது அவள் கைப்பழக்கம். தன்னையறியாமல் கோட்டை நேராக்குவாள். பிறகு அதை அழித்துவிட்டு, மாவில் இருந்தபடியே கோணலாக இழுப்பாள்.

"இன்னாமா இது? நாலு வெரலுக்கு நாலு பள்ளம் வரணும். ரெண்டுதான் கீது. டிராயிங்ல உட்டுட்டியா?"

"உடல சார். அவருக்கு ரெண்டு போதும்."

சார் நிமிர்ந்து அவளைப் பார்த்தார்.

எட்டு மாதத்துக்கு முன், வேறொரு கம்பெனியின் பிரஸ் மெஷினில் இம்மானுவேலின் வலது கையில் இரண்டு விரல்கள் போனதை அவள் இங்கே யாரிடமும் சொன்னதில்லை. பிடி நழுவும் என்று அவன் அன்றிலிருந்து வண்டிச் சாவியைத் தொடாததையும்.

சார் மேஜையிலிருந்து உப்புத்தாளை எடுத்து, உள்விளிம்பில் இருந்த பிசிறைத் தானே தேய்த்தார். பிறகு பிரிண்டர் பையனைக் கூப்பிடாமல் தானே எழுந்து போய், ரப்பர் போல வளையும் பிளாஸ்டிக் இழையை மெஷினில் மாட்டி இன்னொன்று போட்டுக் கொடுத்தார். மழையில் வழுக்காதாம்.

ஞாயிற்றுக்கிழமை ஆராதனை முடிந்ததும் இருவரும் சோழவரம் ஏரிவரை போனார்கள்.

மேம்பாலம் இறங்கும்போது வண்டி ஐம்பதைத் தாண்டியது. மெதுவாகப் போகச் சொல்ல வாயெடுத்த ஜெபா, அவன் முதுகில் சாய்ந்துகொண்டு, சொல்லாமலே விட்டுவிட்டாள்.