எருமை முதுகில் நீலம்

குளத்தைவிட்டு ஏறிவந்த எருமை, கரையில் காய்ந்துகொண்டிருந்த தன் படத்தைப் பார்த்தது. ஓவியர் அப்போதுதான் வரைந்து முடித்துத் தூரிகை கழுவப் போயிருந்தார். எருமைக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"பரம்பரை பரம்பரையா அட்டக்கறுப்பு எங்க குலம்! என் முதுகுல நீலத்தைப் பூசி வெச்சிருக்கானே, அந்த ஆளுக்குக் கண்ணு அவிஞ்சா போச்சு?"

முதுகில் உட்கார்ந்து உண்ணி பொறுக்கிக்கொண்டிருந்த கொக்கு கேட்டது: "உன் முதுகை நீ என்னிக்காவது பார்த்திருக்கியா?"

"அதை நான் எப்படிப் பார்க்கிறது?"

"நான் தினமும் பார்க்கிறேன். நீ நனைஞ்சு கரையேறினா, வானம் மொத்தமும் அதுலதான் மின்னுது. அவர் கண்டதைத்தான் போட்டிருக்கார்."

எருமை மறுபடியும் குளத்தில் இறங்கி, நன்றாக முங்கி எழுந்து, மேட்டில் வந்து தலை நிமிர்ந்து நின்றது. கொக்கு வழக்கம்போல் முதுகில் வந்து உட்கார்ந்தது.

"கீழே இறங்கு," என்றது எருமை. "வானத்தை மறைக்காதே."